இருவர் பகிர்ந்த சிலேடை: கிரேசி மோகனின் தொடக்ககால எழுத்துப்பணி (1972–1990)

ஆய்வுச்சுருக்கம்

மேடை, தொலைக்காட்சி, திரைப்படம் ஆகிய மூன்றிலும் எழுதிய கிரேசி மோகனின் (1952–2019) நகைச்சுவையைத் ‘துணுக்குத் தோரணம்’ என்று ஒதுக்கும் போக்கு தமிழ் நாடக ஆய்வில் உண்டு. 1972இல் கல்லூரி மேடையில் தொடங்கி 1990இல் ‘மைக்கேல் மதன காமராஜன்’ வரை நீளும் அவரது முதற்கட்டப் பணியை இக்கட்டுரை எடுத்துக்கொள்கிறது. ஒருவர் இயற்றி ஒருவர் சுவைக்கும் மரபுச் சிலேடையை இரு பாத்திரங்களுக்கிடையே பிரித்து வைத்ததே அவர் எழுத்தின் அடிப்படை அமைப்பு என்பது இதன் கருதுகோள். சென்னைச் சபாக்களில் உருவான இவ்வமைப்பு, சபாவையே அறியாத கிருஷ்ணகிரி மாவட்டச் சிற்றூர்களிலும் ஏற்கப்பட்டதற்கான காரணம், அவ்வூர்களின் கூத்து மரபைத் துணைக்கொண்டு விளக்கப்படுகிறது.

திறவுச்சொற்கள்: கிரேசி மோகன், சபா நாடகம், சிலேடை, கட்டியங்காரன், தொலைக்காட்சி நாடகம், திரைப்பட உரையாடல்

முன்னுரை

இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதித் தமிழ் நாடகத்தைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் இரு வழிகளில் ஒன்றைத் தேர்கின்றனர். ஒன்று நவீன நாடக இயக்கம். மற்றொன்று திராவிட இயக்க மேடை. இவ்விரண்டுக்கும் இடையே, சென்னையின் சபா அரங்குகளில் வாரந்தோறும் நூற்றுக்கணக்கானோரைச் சிரிக்க வைத்த நகைச்சுவை நாடகம் ஓர் அடிக்குறிப்பாகச் சுருங்கிவிடுகிறது. அந்நாடகங்களில் கதை இல்லை, துணுக்குகளே உள்ளன என்பது வழக்கமான குற்றச்சாட்டு. அது முழுவதும் பொய்யன்று. எனினும் துணுக்குகளை ஒன்றன்பின் ஒன்றாக அடுக்கினால் ஒரு நாடகம் இரண்டு மணி நேரம் நிற்காது என்பதை மேடையில் ஒருமுறையேனும் நின்றவர் அறிவர். அந்த நாடகங்கள் எதனால் நின்றன என்பதே இங்குக் கேள்வி.

இக்கேள்வியை நாகரசம்பட்டியிலிருந்து எழுப்புவதற்கு ஒரு காரணம் உண்டு. கிருஷ்ணகிரி மாவட்டத்தைச் சேர்ந்த இவ்வூரில் சபா என்ற அமைப்பே இல்லை. இப்பகுதியின் நாடகம், திரௌபதி அம்மன் கோயில் பாரத விழாவில் இரவெல்லாம் நடக்கும் தெருக்கூத்து. அப்படியிருந்தும், மயிலாப்பூர் வீட்டுக்கூடத்தைக் களமாகக் கொண்டு எழுதிய ஒருவரின் திரைப்பட உரையாடல்களை இங்குள்ளோர் மனப்பாடமாகச் சொல்வர். ஓர் ஊரின் பேச்சு இன்னோர் ஊருக்கு இவ்வளவு எளிதாகப் பயணம் செய்ததற்குத் திரைப்படத்தின் பரவல் மட்டுமே விளக்கமாகாது. அதே பரவலைப் பெற்ற எத்தனையோ நகைச்சுவைகள் மறக்கப்பட்டுவிட்டன.

அலுவல் நேரம் போக

மோகன் 1952 அக்டோபர் 16 அன்று பிறந்தார். கிண்டிப் பொறியியற் கல்லூரியில் இயந்திரப் பொறியியல் பயின்றார். 1972இல் கல்லூரிகளுக்கிடையிலான நாடகப் போட்டிக்காக அவர் எழுதிய ‘கிரேட் பேங்க் ராபரி’ என்ற குறுநாடகம் பரிசு பெற்றது. பரிசு வழங்க வந்தவர் அப்போது இளம் நடிகராயிருந்த கமல்ஹாசன். பதினேழு ஆண்டுகளுக்குப் பின் இருவரும் சேர்ந்து பணியாற்றியதை நோக்க, இச்சந்திப்பைத் தொடக்கப்புள்ளியாகக் காட்டும் ஆசை எழுவது இயல்பு. ஆயினும் இடைப்பட்ட பதினேழு ஆண்டுகள்தாம் எழுத்தாளரை உருவாக்கின.

பட்டம் பெற்றபின் அவர் சுந்தரம் கிளேட்டன் நிறுவனத்தில் பொறியாளராகப் பணிபுரிந்தார். 1962இல் சென்னைப் பாடியில் தொடங்கப்பெற்ற அந்நிறுவனத்தின் மொபெட் பிரிவுதான் ஓசூரில் தொழிற்சாலை அமைத்து, 1980இல் டிவிஎஸ் 50 வண்டியை வெளியிட்டது. எங்கள் மாவட்டத்தின் உழவர் குடும்பங்கள் பல ஆலைத் தொழிலாளர் குடும்பங்களாக மாறத் தொடங்கியதும், மோகன் மாலைநேர நாடகங்கள் எழுதிக்கொண்டிருந்ததும் ஏறத்தாழ ஒரே காலத்தில். இது தற்செயல்தான், ஆனால் பயனுள்ள தற்செயல். சபா நாடகம் என்பது மாதச் சம்பளக்காரர்களின் கலை என்பதை இது நினைவூட்டுகிறது. சோ டி.டி.கே. நிறுவனத்தின் சட்ட ஆலோசகர், கே. பாலசந்தர் கணக்காயர் அலுவலக ஊழியர். அமெச்சூர் நாடகம் என்று சபா வட்டாரத்தில் வழங்கிய பெயருக்குப் பொருள் பயிற்சியின்மை அன்று. வாழ்வூதியம் வேறிடத்திலிருந்து வருகிறது என்பதே.

இந்த நிலை எழுத்தின் வடிவத்தையும் கட்டுப்படுத்தியது. நடிகர்கள் அனைவரும் பகலில் அலுவலகத்தில் இருப்பவர்கள். ஒத்திகை இரவிலோ ஞாயிற்றுக்கிழமையிலோதான். அரங்க அமைப்பு பெரும்பாலும் ஒரே வீட்டுக்கூடம். அதை ஒரு வேனில் ஏற்றிச் செல்ல முடிய வேண்டும். பார்வையாளர்கள் ஆண்டுச் சந்தா செலுத்திய உறுப்பினர்கள். அடுத்த மாதமும் அவர்களே வருவர். காட்சி மாற்றம், உடைமாற்றம், இசை எனப் பிற உத்திகளை நம்ப இயலாத நிலையில் நாடகாசிரியருக்கு எஞ்சியது பேச்சு ஒன்றே. ஆகவே பேச்சே காட்சியாகவும் கதையாகவும் வேலை செய்ய வேண்டியதாயிற்று.

1976இல் எஸ்.வி. சேகரின் நாடகப்பிரியா குழுவுக்காக மோகன் எழுதிய ‘கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்’ அவரது முதல் முழுநீள நாடகம். அதன் வெற்றியால் நாடகத்தலைப்பின் முதற்சொல் ஆசிரியரின் பெயரோடு ஒட்டிக்கொண்டது. காத்தாடி ராமமூர்த்தியின் குழுவுக்கும் அவர் எழுதினார். 1979இல் தம்பி பாலாஜியோடும் நண்பர்களோடும் ‘கிரேசி கிரியேஷன்ஸ்’ குழுவைத் தொடங்கினார். பிறர் குழுவுக்கு எழுதுவதற்கும் தம் குழுவுக்கு எழுதுவதற்கும் உள்ள வேறுபாடு சிறிதன்று. பிறர் குழுவில் முதன்மை நடிகர் ஒருவரை மையமாக வைத்தே வரிகள் அமையும்; ஏனையோர் அவருக்கு எடுத்துக்கொடுப்பவர்கள். சொந்தக் குழுவில், ஆண்டுக்கணக்கில் ஒருவர் மூச்சை மற்றவர் அறிந்த நடிகர்கள் கிடைக்கின்றனர். பாலாஜி ஏற்ற மாது என்ற பாத்திரமும் அவனது இணையான சீனுவும் நாடகத்துக்கு நாடகம் தொடர்ந்து வந்தது இதனால்தான். கதை மாறும், இணை மாறாது.

சிலேடை இருவருக்கிடையே

தண்டியலங்காரம் சிலேடையைச் செம்மொழி, பிரிமொழி என இருவகைப்படுத்துகிறது. சொல் பிரியாமலேயே இருபொருள் தருவது முன்னது. பிரித்துக்கொண்டால் வேறு பொருள் தருவது பின்னது. காளமேகப் புலவரின் தனிப்பாடல்களில் இரண்டும் உண்டு. அங்கே இரு பொருள்களையும் ஒரே புலவர் அறிவார். கேட்பவரும் இரண்டையும் ஒருசேர அறிந்து வியப்பார். பாடலுக்குள் எவரும் ஏமாறுவதில்லை.

மோகனின் உரையாடலில் நிகழ்வது வேறு. ஒரு பொருளை ஒரு பாத்திரம் பிடித்துக்கொள்கிறது. மறு பொருளை மற்றொரு பாத்திரம் பிடித்துக்கொள்கிறது. இரண்டையும் சேர்த்து அறிந்தவர் அரங்கில் அமர்ந்திருப்பவர் மட்டுமே. விளக்கத்தின் பொருட்டு இக்கட்டுரையாளர் அமைத்துக்கொண்ட ஓர் எடுத்துக்காட்டைக் காண்க. ஆலையில் பணிபுரியும் மருமகனிடம் மாமனார் சம்பள விவரம் கேட்கிறார்.

“பஞ்சப்படி உண்டா மாப்பிள்ளை?”
“உண்டு மாமா. மாசாமாசம் ஏறும்.”
“வயசான காலத்துல என்னால படி ஏற முடியாதுப்பா. கீழ் வீடாப் பாரு.”
“மாமா, இது கவர்மென்ட் அறிவிக்கிற படி.”
“கவர்மென்ட் கட்டின படின்னா சிமென்ட் நிக்காதே!”

நகைச்சுவை என்ற அளவில் இது எளியதுதான். கவனிக்க வேண்டியது அதன் நடை. மாமனார் தவறாகக் கேட்கவில்லை. ‘ஏறும்’ என்ற வினை அவருக்கு நியாயமான வழியைக் காட்டிவிட்டது. மருமகன் திருத்த முயலுந்தோறும் திருத்தமே அடுத்த பிழைக்கு ஏணியாகிறது. இருவரும் தத்தம் தருக்கத்தில் சரியாக இருக்கிறார்கள். ஆகவே உரையாடல் நிற்பதற்கு வழியில்லை. மூன்றாவது ஒருவர் உள்ளே வந்தால்தான் நிற்கும். அவ்வாறு வருபவர் அடுத்த குழப்பத்தைக் கொண்டுவருவார். கதை நகர்வது இப்படித்தான்.

துணுக்கு தனித்து நிற்கும். ஒரு பத்திரிகையின் பக்க அடியில் அச்சிட்டாலும் சிரிப்பு வரும். மேற்காட்டிய வகை உரையாடலின் நான்காம் வரியை மட்டும் பிரித்தெடுத்தால் அதில் ஒன்றுமில்லை. முன்வரியின் சுமையைப் பெற்றே அது இயங்குகிறது. துணுக்குத் தோரணம் என்ற குற்றச்சாட்டு மோகனின் பலவீனமான நாடகங்களுக்குப் பொருந்தும். ஆனால் அவரது முதன்மையான அமைப்பு தோரணமன்று, சங்கிலி.

இவ்வமைப்புக்கு ஒரு விலையும் உண்டு. இரு ஆண்கள் ஒருவரையொருவர் தவறாகப் புரிந்துகொள்வதே நாடகத்தின் உயிர் என்றானபின், பெண் பாத்திரங்களுக்கு வேலை குறைந்துபோனது. மோகனின் நாயகியருக்குப் பெரும்பாலும் ஜானகி என்றே பெயர். பள்ளியில் தமக்கு நாடக ஆர்வம் ஊட்டிய ஆசிரியையின் பெயர் அது என்று அவர் நேர்காணல்களில் கூறியுள்ளார். நன்றிக்கடனாக எழுந்த அப்பெயர் ‘அபூர்வ சகோதரர்கள்’, ‘அவ்வை சண்முகி’, ‘வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.’ எனத் திரைப்படங்களிலும் தொடர்ந்தது. பெயர் நிலைத்த அளவுக்கு அப்பாத்திரங்களின் பேச்சு நிலைக்கவில்லை. மாதுவும் சீனுவும் சொன்னவற்றை நினைவுகூர்பவர்கள் ஜானகி சொன்னதாக ஒன்றைக் கூறத் தடுமாறுவர்.

சிரிப்பொலி இல்லாத அறை

சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தன் ஒளிபரப்பைத் தொடங்கியது. நாடகங்களுக்கு அதற்குத் தேவை இருந்தது. செவ்வாய்க்கிழமை நாடகம் பார்வையாளரின் வார வழக்கங்களுள் ஒன்றாயிற்று. ஆயத்தமான பிரதி, ஒத்திகை முடித்த நடிகர்கள், எளிய அரங்க அமைப்பு ஆகியவற்றைக் கையில் வைத்திருந்தவை சபாக் குழுக்களே. எனவே சபா நாடகக்காரர்கள் தொலைக்காட்சிக்குள் நுழைந்தது கலைத்தேர்வு என்பதைவிட ஒரு நடைமுறைத் தேவையின் விளைவு. மோகனும் தூர்தர்ஷனுக்கும், பிற்காலத்தில் தனியார் அலைவரிசைகளுக்கும் எழுதினார்.

மேடைப் பிரதியைப் படப்பிடிப்பு அறைக்குக் கொண்டு செல்லும்போது முதலில் இடிப்பது சிரிப்பின் இடைவெளி. மேடையில் நடிகர் ஒரு வரியைச் சொல்லி, அரங்கின் சிரிப்பு ஏறி இறங்கும்வரை காத்திருப்பார். அக்காத்திருப்பு பிரதியில் எழுதப்படாத ஒரு வரி. படப்பிடிப்பு அறையில் சிரிப்பவர் எவருமில்லை. காத்திருந்தால் நடிகர் வசனத்தை மறந்துவிட்டார் என்றே தோன்றும். காத்திருக்காவிட்டால் வீட்டில் பார்ப்பவர் சிரித்துக்கொண்டிருக்கையில் அடுத்த வரி கடந்துபோகும். மேடையிலிருந்து தொலைக்காட்சிக்கு வந்த நகைச்சுவை எழுத்தாளர் எவரும் இவ்விரண்டில் ஒன்றைத் தேர்ந்தாக வேண்டும். மோகன் தேர்ந்தது இரண்டாவதை என்பதற்கு அவரது பிற்காலப் படைப்புகள் சான்று. வரிகளுக்கிடையே மூச்சுவிடும் இடத்தை அவர் பார்வையாளருக்குத் தருவதில்லை. தவறவிட்ட வரிக்காக மறுமுறை பார்ப்பது என்ற பழக்கம் இதிலிருந்து பிறந்தது. ஒலிநாடாவும் தொலைக்காட்சி மறுஒளிபரப்பும் பெருகிய காலத்தில் இத்தேர்வு அவருக்குப் பெரும் ஆதாயமாக முடிந்தது.

1983, 1989, 1990

கே. பாலசந்தர் மேடையைக் கவனித்தபடியே படமெடுத்தவர். விசுவின் ‘பட்டினப்பிரவேசம்’ 1977இலும், கோமல் சுவாமிநாதனின் ‘தண்ணீர் தண்ணீர்’ 1981இலும் அவர் கையால் படமாயின. அவ்வரிசையில் மோகனின் ‘மேரேஜ் மேட் இன் சலூன்’ நாடகம், கவிஞர் வாலி முக்கியப் பாத்திரத்தில் நடிக்க, 1983இல் ‘பொய்க்கால் குதிரை’ என வெளிவந்தது. மோகன் திரைத்துறையில் அடியெடுத்து வைத்தது இப்படத்தின் வழியாகவே.

மேற்சொன்ன மூன்றனுள் ‘தண்ணீர் தண்ணீர்’ அடைந்த உயரத்தைப் ‘பொய்க்கால் குதிரை’ அடையவில்லை. கோமலின் நாடகத்தில் வறண்ட நிலம் என்ற புறவெளி ஏற்கெனவே இருந்தது. கேமரா அதை விரிக்க முடிந்தது. மோகனின் நாடகத்தில் விரிக்கத்தக்க புறவெளி குறைவு. அங்கே நிகழ்வன எல்லாம் இருவர் வாய்க்கும் செவிக்கும் இடையில் நிகழ்கின்றன. அண்மைக்காட்சியில் ஒருவர் முகத்தை மட்டும் காட்டினால் சிலேடையின் மறுபாதியைத் தாங்கியிருப்பவர் திரைக்கு வெளியே போய்விடுகிறார்.

இதற்கான விடை 1989இல் கிடைத்தது. சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கிய ‘அபூர்வ சகோதரர்கள்’ தந்தையைக் கொன்றோரைப் பழிவாங்கும் கதை. அதில் நகைச்சுவைக்கு இடம் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும். மோகன் அதை, கொலைகளைப் புலனாய்வு செய்யும் காவல் ஆய்வாளருக்கும் (ஜனகராஜ்) அவருடைய காவலருக்கும் (ஆர்.எஸ். சிவாஜி) இடையே கண்டார். ஆய்வாளர் தடயங்களை ஒழுங்காக அடுக்கித் தவறான முடிவுக்கு வருகிறார். காவலர் ஒவ்வொரு படியிலும் வியந்து போற்றுகிறார். மாதுவும் சீனுவும் காக்கி உடை அணிந்து வந்தது போன்ற அமைப்பு இது. இருவரும் எப்போதும் சேர்ந்தே சட்டகத்துள் நிற்கிறார்கள். அவர்களுடைய பிழை வெறும் சொற்பிழையாக நிற்காமல், குற்றமற்ற ராஜாவைக் குற்றவாளியாக்கிக் கதையை முன்தள்ளுகிறது. சங்கிலி அமைப்பு கதைப்பின்னலின் உறுப்பாகிவிட்டது.

மறு ஆண்டு வெளிவந்த ‘மைக்கேல் மதன காமராஜன்’ இதை நான்கு மடங்காக்கியது. ஒரே முகமுடைய நால்வர்: கள்ளநோட்டுக் கும்பலைச் சேர்ந்த மைக்கேல், ஆங்கிலம் கலந்து பேசும் தொழிலதிபர் மதனகோபால், பாலக்காட்டுத் தமிழ் பேசும் சமையற்காரர் காமேஸ்வரன், தீயணைப்பு வீரர் ராஜு. இங்கே முகம் ஒன்று, பேச்சு நான்கு. சிலேடையில் ஒலி ஒன்றாகவும் பொருள் இரண்டாகவும் இருக்கும். இப்படத்தின் கதையே உருவ அளவில் ஒரு சிலேடை. பதினெட்டு ஆண்டுகளுக்கு முன் கல்லூரி மேடையில் தொடங்கிய ஒருவர் தம் கருவியின் முழு வீச்சை இப்படத்தில்தான் கண்டார் என்பது இக்கட்டுரையாளரின் மதிப்பீடு. பிற்காலப் படங்களில் இதைவிட விரைவான உரையாடல்கள் உண்டு. இவ்வளவு பொருத்தமான கதை அமையவில்லை.

எல்லைப்புறத்தின் செவி

மீண்டும் நாகரசம்பட்டிக்கு வருவோம். தெருக்கூத்தில் முதலில் களத்திற்கு வருபவன் கட்டியங்காரன். அரசன் திரைக்குப் பின்னிருந்து வந்ததும், யார், எந்த ஊர், என்ன பெயர் என்று கேட்பவன் அவனே. அரசன் தன் விருதுப் பெயர்களை அடுக்குவான்; கட்டியங்காரன் அவற்றைத் தவறாகக் கேட்பான், பிரித்துக் கேட்பான், ஊர்ப்பேச்சுச் சொல்லாக்கித் திருப்பித் தருவான். அரசன் சினந்து மீண்டும் சொல்வான். பிழை மேலும் பெருகும். ஒரு பொருளை ஒருவனும் மறுபொருளை மற்றவனும் பிடித்துக்கொள்ள, இரண்டையும் அறிந்து சிரிப்பவர்கள் பாயில் அமர்ந்திருக்கும் ஊரார். மேலே மோகனிடம் கண்ட அமைப்பேதான் இது. மயிலாப்பூரிலிருந்து வந்ததாகக் கருதப்படும் உரையாடல் உத்தியை இவ்வூரார் தலைமுறைகளாகக் கேட்டுப் பழகியவர்கள். ‘அபூர்வ சகோதரர்க’ளின் ஆய்வாளரும் காவலரும் அவர்களுக்குப் புதியவர்களாக இல்லை, அரசனும் கட்டியங்காரனும் தொப்பி மாற்றிக்கொண்டு வந்திருந்தனர். ஒரு வேறுபாடு மட்டும்: கூத்தில் பெரியவனைச் சிறியவன் பகடி செய்கிறான், படத்திலோ பெரியவனின் அறியாமையைச் சிறியவன் போற்றுகிறான். பகடி போற்றுதலுக்குள் ஒளிந்துகொள்கிறது.

மோகன் கூத்திலிருந்து இதைக் கற்றார் என்று இக்கட்டுரை வாதிடவில்லை. அவருக்கு முன்மாதிரிகள் சபா மேடையிலேயே இருந்தன. பெறுவோர் பக்கத்திலிருந்து பார்த்தால் உறவு புலப்படும் என்பதே கருத்து.

இப்பகுதியின் மொழிநிலையும் இதற்குத் துணைநிற்கிறது. ஓசூர், கிருஷ்ணகிரி வட்டாரங்களில் தமிழும் தெலுங்கும் கன்னடமும் ஒரே சந்தையில் புழங்குகின்றன. தெலுங்கில் ‘செப்பு’ என்பது ‘சொல்’ என்ற ஏவல். அதுவே செருப்புக்கும் பெயர். கன்னடத்தில் ‘இல்லி’ என்றால் ‘இங்கே’. தமிழ்ச் செவிக்கு அது ‘இல்லை’ என்று விழும். ‘இல்லு’ என்றால் தெலுங்கருக்கு வீடு. கடையில் பொருள் எங்கே என்று கேட்டவர், ‘இல்லி’ என்ற விடையைக் கேட்டுத் திரும்பிப் போவது இங்கே நடைமுறை வாழ்வின் ஒரு பகுதி. தவறாகக் கேட்பது அறியாமையின் அடையாளம் அன்று, அண்டை வீட்டாரோடு வாழ்வதன் விளைவு என்று அறிந்த மக்கள் இவர்கள். காமேஸ்வரனின் பாலக்காட்டுத் தமிழும் மதனகோபாலின் ஆங்கிலமும் மோதும்போது அவர்கள் சிரித்தது மயிலாப்பூரைப் பார்த்தன்று. தம் சந்தையைப் பார்த்து.

எஞ்சி நிற்பது ஆசிரியர் உரிமை பற்றிய ஒரு வேறுபாடு. திரைப்படத்தின் தலைப்பு அட்டையில் ‘வசனம்: கிரேசி மோகன்’ என்று வருகிறது. அந்த ஒரு வரியினால்தான் இவ்வாறு ஒரு கட்டுரை எழுத இயல்கிறது. அதே அமைப்பில், அதே விரைவில், ஒவ்வோர் இரவும் ஊருக்கேற்ப உரையாடலைப் புதிதாக இயற்றும் கட்டியங்காரனின் பேச்சு, அச்சான கூத்துப் பிரதிகளில் பெரும்பாலும் இடம்பெறுவதில்லை. பாட்டும் விருத்தமும் மட்டுமே அச்சேறுகின்றன. அவன் வரும் இடத்தில் ‘கட்டியங்காரன் வசனம்’ என்ற குறிப்பு மட்டும் இருக்கும். விடியும்போது அவன் அரிதாரத்தைக் கழுவிக்கொண்டு ஓசூர் ஆலையின் காலை ஷிப்டுக்குப் பேருந்து ஏறுவதும் உண்டு.